பீச் போடுங்க அக்கா

கார் ஓட்டும்போது ரிவர்ஸ் கியர் போட வேண்டி வந்தால் நான் வாய்க்குள் "பீச்" என்று சொல்லிக்கொள்வேன். சொல்லாவிட்டால் கை வராது. "கோயம்புத்தூரில் ஏது பீச்?" என்று என் கணவர் கேட்டுக் கேட்டு ஓய்ந்துவிட்டார். பாதிக் கதை சொல்வதற்குள் ஒவ்வொரு முறையும் வீடு வந்துவிடும். முழுக்கச் சொல்ல வேண்டுமென்றால் எங்கள் வேன்கார அக்காவிலிருந்து தொடங்க வேண்டும்.

அவர் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினால், "என்னியக் கேக்காம இன்னாத்துக்கு எழுதின?" என்று கேட்பார். நாங்கள் யாரும் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதும் இல்லை.

அப்போது நான் நாவலூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்த்தேன். வீடு மாமல்லபுரம். காலை ஏழு மணிக்கு பஸ் ஸ்டாண்ட் பக்கம் அக்காவின் வெள்ளை வேன் வந்து நிற்கும். கோவளத்திலிருந்து காலியாக வந்து எங்கள் ஏழு பேரை ஏற்றிக்கொண்டு, கோவளம் வரை அதே வழியில் போய், கேளம்பாக்கம் பக்கம் திரும்பி, படூர் தாண்டி நாவலூரில் இறக்கிவிடும். சாயங்காலம் அப்படியே திரும்பி வரும். அக்காவுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். புடவைக்கு மேல் ஒரு காக்கிச் சட்டை போட்டிருப்பார். கணவர் கடலுக்குப் போகிறவர். "அவரு தண்ணில ஓட்றாரு, நான் தார்ல ஓட்றேன்" என்பார். வேகமாக ஓட்டுவார், நன்றாக ஓட்டுவார், மூன்று வருடத்தில் ஒரு கீறல் விழுந்ததில்லை. ரிவர்ஸ் மட்டும் போட மாட்டார்.

வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே எனக்கு இது தெரிந்துவிட்டது. பஸ் ஸ்டாண்டில் வேனுக்கு முன்னால் ஒரு தண்ணீர் லாரி குறுக்கே நின்றுவிட்டது. நாலடி பின்னால் எடுத்தால் போய்விடலாம். அக்கா என்ஜினை அணைத்துவிட்டு, "எறங்குங்கப்பா" என்றார். எல்லோரும் பைகளை சீட்டில் வைத்துவிட்டு இறங்கி, வேனின் முன்பக்கம் போய்க் கைவைத்துத் தள்ள ஆரம்பித்தார்கள். நான் எங்கள் டீம் லீடரிடம், "வண்டி ரிப்பேரா சார்?" என்று கேட்டேன்.

"இல்லம்மா. அக்கா ரிவர்ஸ் போட மாட்டாங்க. நீ அந்த லைட் பக்கம் பிடி."

புதுச் சுடிதாரில் கரி அப்பிக்கொண்டது. எரிச்சலில் அக்காவிடமே கேட்டேன், ஏன் ரிவர்ஸ் போட மாட்டீர்கள் என்று.

"பின்னாடி போற பழக்கம் நமக்கு இல்ல பாப்பா."

"இப்ப பின்னாடிதானக்கா போனோம்?"

"நான் எங்க போனேன்? நீங்க தள்ளினீங்க, வண்டி போச்சு. நான் ஸ்டீரிங்கப் புடிச்சிகினு முன்னாடிதான பாத்துகினு இருந்தேன்?"

அவர் உண்மையிலேயே முன்னால்தான் பார்த்துக்கொண்டிருந்தார். பின்னால் பார்க்க வழியும் இல்லை. டிரைவர் தலைக்கு மேலே இருக்கும் கண்ணாடியில் மாதா படத்தை முழுசாக ஒட்டி வைத்திருந்தார். பின்னால் வரும் வண்டி தெரிய வேண்டாமா என்று ஒருநாள் கேட்டதற்கு, "அவன் கண்ணுக்கு நான் தெரியறேன்ல, அது போதும்" என்றார்.

ரிவர்ஸ் இல்லாமல் பிழைப்பதற்கு அவர் ஒரு தனிப் படிப்பே படித்திருந்தார். மாமல்லபுரம் முதல் நாவலூர் வரை இரண்டு கேட் உள்ள இடங்கள் அத்தனையும் அவருக்கு மனப்பாடம். தப்பான வழியில் போய்விட்டால் ஒரு கேட்டில் நுழைந்து மறு கேட்டில் வெளியே வருவார். இரண்டு பெட்ரோல் பங்க், ஒரு காலேஜ், ஒரு ஆஸ்பத்திரி, ஒரு கல்யாண மண்டபம் அந்தப் பட்டியலில் உண்டு. ஒரே கேட் உள்ள கட்டடங்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. படூரில் புதிதாக எழும்பும் அடுக்குமாடிகளைப் பார்த்து, "கோடி கோடியா போட்டுக் கட்றானுங்க, இன்னொரு கேட்டு வெக்கத் துப்பு இல்ல" என்று திட்டிக்கொண்டே போவார்.

ஒரு முகூர்த்த நாள் காலை. கேளம்பாக்கத்துக்கு முன்னால் குழாய் பதிக்கப் பள்ளம் தோண்டிச் சாலையை அடைத்திருந்தார்கள். அக்கா யோசிக்கவே இல்லை, வண்டியைப் பக்கத்துக் கல்யாண மண்டபத்துக்குள் விட்டார். உள்ளே நுழைந்ததும் நாதஸ்வரமும் மேளமும் ஒன்றாக எழும்பின. மாப்பிள்ளை வீட்டு வேன் என்று நினைத்துவிட்டார்கள். தட்டோடு பெண்கள் ஓடி வந்து ஜன்னல் வழியாகப் பன்னீர் தெளித்துச் சந்தனம் வைத்தார்கள். முன் சீட்டில் இஸ்திரி போட்ட முழுக்கைச் சட்டையோடு உட்கார்ந்திருந்த லீடருக்கு ஒரு பெரியவர் கைவிட்டு மாலையே போட்டுவிட்டார். "நான் இல்லைங்க, நான் இல்லைங்க" என்று லீடர் கத்தியது மேளத்தில் யார் காதிலும் விழவில்லை. அதற்குள் அக்கா மறு கேட் வழியாக வெளியே வந்துவிட்டார்.

"அக்கா, மாலையைத் திருப்பிக் குடுத்துட்டு வந்துடலாம்" என்றார் லீடர்.

"திரும்ப முடியாது தம்பி" என்றார் அக்கா.

அன்றைய மீட்டிங்கில் வெளிநாட்டுக்காரர்கள் திரையில் லீடரின் நெற்றிச் சந்தனத்தைப் பார்த்துவிட்டு வாழ்த்துச் சொன்னார்கள். லீடருக்கு ஏற்கெனவே இரண்டு பிள்ளைகள். நன்றி என்று சொல்லி முடித்துக்கொண்டார்.

இன்னொரு நாள் சாயங்காலம், கணவருக்கு மருந்து கொடுத்துவிட்டுப் போகலாம் என்று அக்கா வண்டியைக் கோவளத்துக்குள் விட்டார். ஒரு வண்டி மட்டும் போகிற தெரு. எதிரே பீச்சுக்கு வந்துவிட்டுத் திரும்பும் ஒரு பெரிய கார். இரண்டு வண்டியும் மூக்கோடு மூக்கு உரசிக்கொண்டு நின்றன. காரில் இருந்தவர் ஹாரன் அடித்தார். அக்கா என்ஜினை அணைத்தார், சீட்டுக்கு அடியிலிருந்து டப்பாவை எடுத்தார், காலையில் மிஞ்சிய இட்லியைப் பிட்டு மிளகாய்ப்பொடியில் தோய்த்துச் சாப்பிட ஆரம்பித்தார். தெரு வீட்டு ஜன்னல்களில் வேடிக்கை பார்த்தவர்களை நலம் விசாரித்தார். மூன்றாவது இட்லியில் அந்தக் கார் தெரு முனைவரை பின்னாலேயே போய் வழிவிட்டது.

"நம்மகிட்டதான் தப்பு அக்கா. அவங்க முதல்ல வந்துட்டாங்க" என்றேன்.

"அவனப் பாத்தா படிச்சவன் மாரி கீறான். அவனுக்கு ரிவர்ஸ் தெரியும், அவன் போறான். இதுல இன்னா கீது?"

அந்தப் பதிலை அன்றே நான் சரியாகக் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. அக்கா ரிவர்ஸ் போடாததற்கு வேனுக்குள் ஆளுக்கொரு காரணம் வைத்திருந்தோம். மாதாவிடம் நேர்ந்துகொண்டிருக்கிறார் என்றது ஒரு கட்சி. ஜோசியர் சொல்லியிருப்பார் என்றது இன்னொரு கட்சி. அந்த வண்டியில் ரிவர்ஸ் கியரே கிடையாது, செகண்ட் ஹேண்டில் வாங்கும்போதே உடைந்திருக்கும் என்பது லீடரின் ஆராய்ச்சி. எப்படியோ அதை ஒரு கொள்கை என்று எல்லோரும் நம்பினோம். எனக்கு உள்ளூரக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

கம்பெனியில் வேன் ஓட்டுபவர்கள் எல்லோரும் லைசன்ஸ் நகல் தர வேண்டும் என்று ஒருநாள் சுற்றறிக்கை வந்தது. அக்கா அட்டையை என்னிடம் கொடுத்து, "போட்டோ புடிச்சி அனுப்பிச்சிடு பாப்பா" என்றார். படம் எடுக்கப்போன நான் அப்படியே நின்றுவிட்டேன். அட்டையில் இரண்டு தேதிகள் இருந்தன. ஒன்று சொந்த வண்டி ஓட்டுவதற்கு, மற்றது வாடகை வண்டி ஓட்டுவதற்கு. சொந்த வண்டித் தேதி முடிய இன்னும் ஐந்து வருடம் இருந்தது. வாடகை வண்டித் தேதி முடிந்து ஒரு வருடமும் இரண்டு மாதமும் ஆகியிருந்தது.

"ரெண்டு தேதி கீதுன்னா எல்லாரும் பெருசத்தான பாப்பாங்க?" என்றார் அக்கா. முகம் வெளிறிவிட்டது. "நான் நல்ல தேதியத்தான் இத்தினி நாளா பாத்துகினு இருந்தேன்."

அனுப்பட்டுமா, இரண்டு நாள் தள்ளிப்போடட்டுமா என்று கேட்டேன். அட்டையைத் திருப்பிப் பார்த்துவிட்டு, "அனுப்பு. கீறதத்தான அனுப்ப முடியும்?" என்றார்.

மதியமே பதில் வந்தது. நாளை முதல் அவர் வேன் ஓட்டக் கூடாது. ஒரு மாதத்துக்குள் புதுப்பித்துக் காட்டினால் வேலை அவருக்கே. இல்லையென்றால் அந்த வழித்தடம் வேறு டிராவல்ஸுக்குப் போய்விடும். அக்கா வீட்டில் அடுப்பு எரிவது இந்த வேனால்தான் என்பது எங்களுக்குத் தெரியும். கடல் வருடத்தில் பாதி நாள் கைவிரித்துவிடும்.

விண்ணப்பத்தை நானே ஆன்லைனில் போட்டேன். வயதுக்குரிய மருத்துவச் சான்றிதழுக்கு டாக்டரிடம் அழைத்துப் போனேன். கண் சோதனை அட்டையின் கடைசி வரியை வாசிக்கச் சொன்னதற்கு, அதை வாசித்துவிட்டு அட்டைக்குக் கீழே இருந்த அச்சகத்தின் பெயரையும் வாசித்தார். எல்லாம் சரியாகப் போனது. கடைசிப் பக்கத்தில் ஒரு வரி: காலாவதியாகி ஒரு வருடத்துக்கு மேல் ஆனதால் மறுபடியும் ஓட்டிக் காட்ட வேண்டும்.

"செங்கல்பட்டு போய் பிரேக் இன்ஸ்பெக்டர் முன்னாடி ஓட்டணும்கா. அவ்வளவுதான்" என்றேன். வாகன ஆய்வாளரை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வார்கள்.

"ஓ, பிரேக்குதான பாப்பாரு? நம்ம பிரேக்கு சோக்கா கீது."

"பிரேக் மட்டும் இல்லக்கா. எச் போடணும். முன்னாடி போய், ரிவர்ஸ்ல வந்து…"

அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில் நின்றிருந்தோம். டீ ஆறிக்கொண்டிருந்தது. சுற்றும் முற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"பாப்பா, யாராண்டியும் சொல்லிடாத. எனக்கு ரிவர்ஸ் தெரியாது."

கொள்கையும் இல்லை, நேர்ச்சையும் இல்லை. டிரைவிங் ஸ்கூலில் ரிவர்ஸ் சொல்லிக்கொடுத்த நாளில் அக்கா வகுப்புக்குப் போகவில்லை. அவ்வளவுதான். முந்தைய நாள் கடலுக்குப் போன கணவர் திரும்பவில்லை. அக்கா காலையிலிருந்து பீச்சில் நின்றிருக்கிறார். மத்தியானம் கணவரின் போட் வந்து கரையேறியது. "சிரிச்சிகினு வராரு மனுஷன், என்ஜின் மக்கர் பண்ணிச்சாம். அடிக்கறதா அழுவறதான்னு தெரியல. கிளாஸ் போச்சு." அதன் பிறகு மாஸ்டர் அந்தப் பாடத்தைத் திருப்பி எடுக்கவில்லை. டெஸ்ட் அன்று பக்கத்து சீட்டில் மாஸ்டர் காலடியிலும் ஒரு கிளட்ச், ஒரு பிரேக் இருந்தது. ரிவர்ஸை மாஸ்டரே பார்த்துக்கொண்டார். அக்கா ஸ்டீரிங்கைப் பிடித்துக்கொண்டு மாதாவை வேண்டிக்கொண்டிருந்தார்.

"அப்பால கேக்க வெக்கமா பூட்ச்சு. அப்படியே வருசம் ஓடிப்போச்சு" என்றார். எனக்கு முதலில் சிரிப்புதான் வந்தது. பிறகு, ஊரையே தள்ள வைத்தவர் இத்தனை வருடம் இப்படி ஒரு பயத்தை மடியில் கட்டிக்கொண்டு ஓட்டியிருக்கிறாரே என்றிருந்தது.

லீடரிடம் மட்டும் சொன்னோம். வேனை ஓட்ட ஓர் ஆள் வேண்டும், எனக்கு அப்போது சைக்கிள்தான் தெரியும். கேளம்பாக்கம் உப்பளத்துக்குப் பக்கத்தில் விற்காத மனைகள் இருந்தன. வெள்ளையடித்த எல்லைக் கற்கள் வரிசையாக நட்டிருக்கும். எச் போட்டுப் பழக அதைவிட நல்ல இடம் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை காலையில் லீடர் வேனை அங்கே கொண்டுவந்தார். வழி நெடுக அக்கா பக்கத்து சீட்டில் இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டு வந்தார்.

லீடர் பாடம் நடத்தினார். "ரிவர்ஸ் ரொம்ப ஈசிக்கா. ஸ்கிரீன்ல பச்சைக்கோடு வரும், அதுக்குள்ள…" என்றவர் நிறுத்திக்கொண்டார். அவர் காரில் கேமரா உண்டு. வேனில் மாதாதான் உண்டு. அக்கா படத்தைக் கண்ணாடியிலிருந்து பதமாக உரித்து, என் கையில் கொடுத்து, "பத்திரம்" என்றார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு கியரைப் போட்டார்.

வேனின் பின்பக்கத்திலிருந்து ஒரு பெண் குரல் ஓங்கி எழுந்தது. "சாவ்தான்! காடி பீச்சே ஆ ரஹீ ஹை!"

அக்கா பிரேக்கை மிதித்து, கதவைத் திறந்து குதித்து, வேனின் பின்னால் ஓடினார். குனிந்து அடியில் பார்த்தார். "உள்ள யாரோ பொம்பள கீறா பாப்பா!"

வேனை எட்டு வருடத்துக்கு முன்னால் ஒரு வடநாட்டுக்காரரிடம் வாங்கியிருந்தார். ரிவர்ஸ் போட்டால் பேசுவதற்கு அவர் மாட்டி வைத்திருந்த பெட்டி அது. எட்டு வருடமும் அதற்கு வாயைத் திறக்க வாய்ப்பே கிடைக்கவில்லை. விஷயம் புரிந்ததும் அக்காவுக்கு அந்தக் குரல் மேல் இரக்கம் பிறந்துவிட்டது. "பாவம், எம்மாம் நாளா கம்முனு குந்திகினு இருந்திருக்கா. இன்னா சொல்றா அவ?"

"கவனம், வண்டி பின்னாடி வருதுன்னு சொல்லுதுக்கா" என்றார் லீடர்.

"பின்னாடின்னு எங்க சொன்னா? பீச்சுன்றா. காடின்னா வண்டி, அது எனக்கே தெரியும். வண்டி பீச்சுக்கு வருதாம்."

"இல்லக்கா, இந்தியில பீச்சேன்னா…"

"சும்மா இரு தம்பி. அவளே சொல்றா."

ஆனால் கியரைப் போடும்போது கண்ணை மூடிக்கொள்வது நிற்கவில்லை. ரிவர்ஸ் என்ற சொல்லைக் கேட்டாலே அவருக்கு இடுப்புக்குக் கீழே ஜில்லிட்டுப் போகுமாம். மூன்று எல்லைக் கற்கள் சாய்ந்த பிறகு, "அந்தப் பேரச் சொல்லாதீங்க, பேஜாரா கீது. பீச்சுன்னு சொல்லுங்க" என்றார். அன்றிலிருந்து நாங்கள் "பீச் போடுங்க அக்கா" என்றுதான் சொன்னோம். லீடர் முதலில் கூச்சப்பட்டார், பிறகு அவரே ஓடி ஓடிக் கத்தினார். "பீச் லெஃப்ட்டுல! பீச் மெதுவா!"

அடுத்த ஞாயிறு அக்காவின் கணவர் வந்தார். ஒரு கல்லின் மேல் உட்கார்ந்து, பீடி பிடித்தபடி நாலு தடவை பார்த்தார். பிறகு ஒரே ஒரு முறை வாயைத் திறந்தார்.

"மூக்க இன்னாத்துக்குப் பாக்கற? வாலப் பாரு. போட்ல நான் பின்னாடி குந்திகினுதான ஓட்றேன்? நீயும் பின்னாடி குந்திகினு கீறன்னு நெனச்சிக்க."

எங்கள் வீடியோ பாடங்கள் செய்யாததை அது செய்தது. அக்கா கழுத்தைத் திருப்பி, வேனின் வாலைப் பார்த்துக்கொண்டு, "வரேன் இரு, வரேன் இரு" என்று இந்திக்காரிக்குப் பதில் சொல்லியபடி கற்களுக்கு நடுவே வந்து நின்றார். கணவர் பீடியை அணைத்துவிட்டு எழுந்து போய்விட்டார். போகும்போது முகத்தை எங்களுக்குக் காட்டவில்லை.

டெஸ்ட் நாள் அந்த ஒரு மாதக் கெடுவின் கடைசி வாரத்தில் விழுந்தது. தவறினால் மறுபடி தேதி வாங்கி வருவதற்குள் கெடு முடிந்துவிடும். லீடர் லீவு போட்டு வேனை ஓட்டி வந்தார். செங்கல்பட்டு மைதானத்தில் கம்பு நட்டுக் கயிறு கட்டியிருந்தார்கள். நாங்கள் இருவரும் கயிற்றுக்கு இந்தப் பக்கம் நின்றோம். மாதா படம் என் கைப்பைக்குள் இருந்தது.

பிரேக் இன்ஸ்பெக்டர் மீசை நரைத்த, நிதானமான மனிதர். அக்கா முன்னால் போய் அழகாக நிறுத்தினார்.

"சரிம்மா. ரிவர்ஸ் எடுங்க."

வேன் அசையவில்லை. ஸ்டீரிங்கைப் பிடித்த கை அப்படியே இருந்தது. இன்ஸ்பெக்டர் அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டார். அவரிடம் அதைச் சொல்லாதீர்கள் என்று முன்கூட்டிச் சொல்ல எங்களுக்குத் தோன்றவே இல்லை.

"ரிவர்ஸும்மா. ரிவர்ஸ், ரிவர்ஸ்" என்றார் மறுபடி, உதவி செய்வதாக நினைத்து. பின்னால் காத்திருந்தவர்கள் சிரிக்க ஆரம்பித்தார்கள். அக்காவின் கழுத்து நரம்பு எனக்கு இங்கிருந்தே தெரிந்தது. இன்ஸ்பெக்டர் பேனாவைத் திறந்தார்.

நான் கயிற்றைப் பிடித்துக்கொண்டு கத்தினேன். "அக்கா! பீச்! பீச் போடுங்க அக்கா!"

லீடரும் சேர்ந்துகொண்டார். "பீச்சுக்கா! வாலப் பாருங்க! பீச்!"

இன்ஸ்பெக்டர் எங்களைத் திரும்பிப் பார்த்தார். "யாருய்யா நீங்க? பீச்சு மாமல்லபுரத்துல இருக்கு. இங்க ஏது பீச்சு?"

அவர் கேட்டு முடிப்பதற்குள் வேனுக்குள்ளிருந்து இந்திக்காரி, "சாவ்தான்! காடி பீச்சே ஆ ரஹீ ஹை!" என்று முழங்கினாள். வேன் பின்னால் நகர்ந்தது. அக்கா உதடு அசைவது தெரிந்தது. "வரேன் இரு, வரேன் இரு." வளைந்தது, நிமிர்ந்தது, ஒரு கம்பையும் தொடாமல் உள்ளே வந்து நின்றது. நானும் லீடரும் கட்டிப்பிடித்துக்கொண்டோம். பிறகு இருவருக்கும் வெட்கமாகிவிட்டது.

இன்ஸ்பெக்டர் தாளில் எழுதிக்கொண்டே சொன்னார்: "ரிவர்ஸ் நல்லா எடுக்கறீங்கம்மா. முன்னாடி போறதுதான் கொஞ்சம் வேகம். கொறச்சுக்கங்க."

அக்கா அதை ஊர் முழுக்கச் சொன்னார். புதிய அட்டை கெடுவுக்கு இரண்டு நாள் முன்னதாகத் தபாலில் வந்தது. அடுத்த திங்கட்கிழமை வெள்ளை வேன் மறுபடி பஸ் ஸ்டாண்டுக்கு வந்தது. நாங்கள் ஏறி உட்கார்ந்தோம். முன்னால் அதே தண்ணீர் லாரி குறுக்கே நின்றது. எல்லோரும் ஆவலோடு அக்காவின் கையைப் பார்த்தோம்.

"எறங்குங்கப்பா" என்றார்.

"அக்கா! இப்பதான் தெரியுமே?" என்றேன்.

"லைசன்ஸுக்குக் கேட்டாங்க, காட்டிட்டேன். நீ இன்னா பிரேக் இன்ஸ்பெக்டரா?"

தள்ளினோம். மாதா மறுபடி கண்ணாடிக்குப் போயிருந்தார். இந்திக்காரி மறுபடி மௌனமானாள்.

இரண்டு வருடம் கழித்து எனக்குக் கோயம்புத்தூரில் வேலை கிடைத்தது. கடைசி நாள் சாயங்காலம் மற்றவர்களை இறக்கிவிட்டு, அக்கா என்னை எங்கள் சந்து முனையில் வழக்கமான இடத்தில் இறக்கினார். எங்கள் வீடு ஒரு முட்டுச் சந்தின் கோடியில் இருந்தது. உள்ளே வந்தால் ரிவர்ஸில்தான் வெளியே போக முடியும் என்பதால், மழையே கொட்டினாலும் அவர் சந்து முனையோடு நின்றுகொள்வார். அன்றும் அப்படியே நிறுத்தினார். நான் ஏதேதோ சொல்ல நினைத்தேன். "போய்ட்டு வா பாப்பா, டைமாவுது" என்றார். முகத்தைத் திருப்பிக்கொண்டு வண்டியை எடுத்துவிட்டார். எனக்குக் கொஞ்சம் கோபமாகவே இருந்தது.

வீட்டுக்குள் நுழைந்து செருப்பைக் கழற்றவில்லை, சந்துக்குள் ஒரு பெண் குரல் கேட்டது. என் அம்மா அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்து, "யாருடி அது, இந்தில கூவிகினு வரா?" என்றார்.

"சாவ்தான்! காடி பீச்சே ஆ ரஹீ ஹை! சாவ்தான்!"

வாசலுக்கு ஓடினேன். வெள்ளை வேன் சந்துக்குள் பின்னாலேயே வந்துகொண்டிருந்தது. இரண்டு பக்கமும் ஒரு சாண் இடைவெளி. அக்கா கழுத்தைத் திருப்பி வாலைப் பார்த்துக்கொண்டு, கோலத்தை மிதிக்காமல், சைக்கிளை இடிக்காமல், எங்கள் வீட்டு வாசலில் கொண்டுவந்து நிறுத்தினார். ஜன்னல் வழியாகக் கை நீண்டது. அதில் என் சாப்பாட்டு டப்பா இருந்தது.

"வுட்டுட்டுப் போயிட்டியே. அந்த ஊர்ல எதுல சோறு எட்த்துகினு போவ?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. டப்பாவை வாங்கிக்கொண்டு, "அக்கா, பீச் போட்டீங்களே" என்றேன்.

"கத்தாத. லீடர் தம்பியாண்ட சொல்லிடாத, அப்பால எவனும் எறங்கித் தள்ள மாட்டான்." மூக்கை உறிஞ்சிக்கொண்டார். "வரதுதான் அப்படி வந்தேன். போறது எப்பவும் போலத்தான்."

வேன் நேராக, வேகமாக, முன்னால் பார்த்துக்கொண்டே சந்தைவிட்டுப் போனது. நான் டப்பாவைத் தூக்கிக் கையசைத்துக்கொண்டே நின்றேன். அவர் பார்த்திருக்க மாட்டார். கண்ணாடியில் மாதா இருந்தார்.